எட்டாவது ஸ்டேஜுக்குக் கீழே

என் மனைவியின் அண்ணனை எனக்குப் பிடிக்காது. முப்பது வருடத்துக்கு மேலாகப் பிடிக்காது. இதை நான் யாரிடமும் வாய்விட்டுச் சொன்னதில்லை. எதையுமே யாரிடமும் வாய்விட்டுச் சொல்கிறவன் இல்லை நான். விசேஷ வீடுகளில் கடைசி நாற்காலியில், செருப்பு கழற்றிப் போடும் இடத்துக்குப் பக்கத்தில் உட்காருவேன். சாப்பிடக் கூப்பிட்டால் போவேன். கூப்பிடாவிட்டால் வேனிலிருந்து அண்டா இறக்கப் போவேன். "அவரு ரொம்ப சாஃப்ட்டு" என்று மனைவி வீட்டார் சொல்வார்கள். வாயைத் திறக்காதவன் எல்லாம் சாஃப்ட் என்றால் மலைப்பாம்பும் சாஃப்ட்தான்.

அவனை இங்கே மச்சான் என்றே எழுதுகிறேன். முறையும் அதுதான். ஆனால் மச்சான் ஆவதற்கு முன்னாலேயே அவன் எனக்கு ஆகாதவன். ஒரே தெருக்காரர்கள், ஒரே வயது.

செங்கல்பட்டு பஜாருக்குப் பின்னால் ஒரு சந்தில் அப்போது டிவி கேம் கடை ஒன்று இருந்தது. ஒரு பாய் நடத்தினார். நாலு டிவி, நாலு மிஷின், இரண்டு பெஞ்சு, ஒரு அட்டைப்பெட்டி நிறையக் கேசட்டு. கேசட்டின் மேல் எழுதியிருப்பதை எங்களில் யாராலும் படிக்க முடியாது. இங்கிலீஷா, வேறு ஏதாவது நாட்டு எழுத்தா என்றுகூடத் தெரியாது. அதனால் ஆட்டங்களுக்கு நாங்களே பேர் வைத்திருந்தோம். ஏணி, பீரங்கி, தவளை என்று. நான் ஆடியது கிணறு. ஒரு குட்டி மனிதன் கையில் விளக்கோடு கிணற்றுக்குள் இறங்குவான். சுவரைச் சுற்றிப் படிகள். படிகளில் வௌவால், பாம்பு, மேலிருந்து உருண்டு வருகிற கல். மூன்று உயிர், எட்டு ஸ்டேஜ். எட்டாவதைத் தாண்டினால் கிணற்றின் அடி. அடியில் என்ன இருக்கிறது என்று அந்தக் கடையில் ஒருத்தருக்கும் தெரியாது.

நான் அஞ்சாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு மண்டியில் மூட்டை தைக்கப் போய்க்கொண்டிருந்த சமயம் அது. ஒரு நாள் எட்டாவது ஸ்டேஜுக்கு வந்துவிட்டேன். ஆடிக்கொண்டிருந்தவர்கள் எல்லாம் தங்கள் ஆட்டத்தை விட்டுவிட்டு என் முதுகுக்குப் பின்னால் வந்து நின்றார்கள். கடைசிப் படிக்கட்டு. இன்னும் இரண்டு கல் உருண்டு போனால் தீர்ந்தது. டிவி அணைந்தது. திரும்பிப் பார்த்தால் அவன் நிற்கிறான். காலில் ஒயர் சுற்றியிருக்கிறது.

"கால் பட்டுச்சு" என்றான். "வேணும்னா பண்ணேன்? கால் பட்டுச்சு."

ஒரு வாரம் கழித்து, தான் எட்டாவதைத் தாண்டிவிட்டதாக அவன் வந்து சொன்னான். வெள்ளிக்கிழமை மதியம் பாய் கதவைச் சாத்தி, அவனைக் காவலுக்கு உட்காரவைத்துவிட்டுத் தொழுகைக்குப் போயிருந்தாராம். அந்த நேரத்தில் முடித்தானாம்.

"அடியில ஒரு பொம்பள நிக்கிது. பச்சப் பாவாடை. நீ கிட்டப் போனதும் கைய நீட்டுது. அவ்ளோதான், முடிஞ்சிடும்."

சாட்சி கிடையாது. ஆனாலும் எல்லாரும் நம்பினார்கள். நான் மட்டும் நம்பவில்லை. பச்சைப் பாவாடை என்று அவன் சொன்னதிலேயே பொய் பிடிபட்டுவிட்டதாக நினைத்தேன். பொய் சொல்கிறவன்தான் நிறம் சொல்வான்.

கொஞ்ச நாளில் பாய் கடையை எடுத்துவிட்டார். நான் லாரிக்குப் போய்விட்டேன். சில வருடம் கழித்து அவன் தங்கையையே எனக்குப் பேசினார்கள். பெண் பார்க்கப் போன அன்று, நான் வாசலில் செருப்பைக் கழற்றுவதற்குள் அவன் சொன்னான்: "எட்டாவதுல செத்தவன் வந்துகிறான் பாரு." கூடத்தில் இருந்தவர்கள் விஷயம் புரியாமலே சிரித்தார்கள். நான் சாகவில்லை. என் மூன்று உயிரும் அப்படியே இருந்தன. ஒயர் பிடுங்கப்பட்டது. இந்த வித்தியாசத்தை அன்றைக்குச் சொல்லாமல் விட்டேன். அதற்கப்புறம் நடந்த கல்யாணம், காதுகுத்து, சாவு எதிலும் சொல்ல இடம் கிடைக்கவில்லை. அவனுக்கு மட்டும் ஒவ்வொன்றிலும் சொல்ல இடம் கிடைத்தது.

மச்சான் இப்போது படூரில் ஃப்ளாட் வாங்கியிருக்கிறான். வீடுகளுக்கும் கடைகளுக்கும் கேமரா மாட்டித் தருகிற தொழில். பால் காய்ச்சிய அன்று போயிருந்தோம். ஒன்பதாவது மாடி. லிஃப்டில் ஏறும்போதே என் மனைவிக்குக் கண் கலங்கிவிட்டது, பெருமையில். நான் உள்ளே கதவுக்குப் பக்கத்தில் ஒரு ஸ்டூல் பார்த்து உட்கார்ந்தேன். அவன் சோபாவில் சாய்ந்து, பிள்ளைகளைச் சுற்றி நிறுத்திவைத்துக்கொண்டு, போனைத் தூக்கி எனக்குக் காட்டினான்.

"இன்னா மாப்ள, தெரியுதா?"

கிணறு. அதே படிகள், அதே வௌவால், அதே சத்தம். என் கட்டைவிரல் இரண்டும் தாமாகவே பட்டனைத் தேடின. முழங்காலுக்கு நடுவில் வைத்து அழுத்திக்கொண்டேன்.

"பழைய மிஷினே வேணாம். போனு உள்ளார அந்த மிஷின் மாரியே நடிக்குது. எமுலேட்டர்னு பேரு. அந்தக் காலத்து கேசட்டு அத்தினியும் ஒரே ஃபைல்ல கீது."

நடிக்கிற சாமான் எதுவானாலும் அவன் கைக்குத்தான் முதலில் வரும்.

அவன் ஆடினான். மூன்றாவது ஸ்டேஜில் கல் விழுந்து செத்தான். உடனே ஓரத்தில் இருந்த ஒரு பட்டனை அழுத்திப் பிடித்தான். படம் பின்னால் ஓடியது. விழுந்த கல் மேலே ஏறியது. செத்துக் கிடந்த குட்டி மனிதன் எழுந்து, முதுகுப் பக்கமாகப் படியேறிப் போனான். விரலை எடுத்ததும் ஒன்றும் நடக்காதது மாதிரி மறுபடி இறங்க ஆரம்பித்தான். பிள்ளைகள் கைதட்டினார்கள். மச்சான் வாழ்க்கை முழுக்க இதைத்தான் செய்துகொண்டிருக்கிறான். என் அம்மாவைப் பந்தியில் வைத்து ஒரு வார்த்தை சொல்வான். அவள் முகம் மாறினால், "சும்மா சொன்னேன் அத்த" என்பான். உடனே எல்லாம் பழையபடி ஆகிவிட வேண்டும்.

"எங்க காலத்துல இந்த ரீவைண்டு இல்ல. மூணு உயிர்லயே முடிச்சேன்" என்று பிள்ளைகளிடம் சொன்னான். "உங்க மாமாதான் எட்டாவதுல பூட்டாரு."

"எனக்கும் போட்டுக் குடு மச்சான்" என்றேன்.

அவனிடம் நான் வாய் திறந்து கேட்ட முதல் பொருள் அதுதான். என் மனைவியே திரும்பிப் பார்த்தாள். அவன் என் போனை வாங்கி என்னென்னவோ செய்தான். முதல் ஸ்டேஜைத் திறந்து, ஒரு இடத்தைக் கட்டைவிரலால் மறைத்தபடி அழுத்தி, "இங்க அமுக்குனா சேவ் ஆயிடும், பாத்துக்கோ" என்று சொல்லித் திருப்பிக் கொடுத்தான். நான் ஒன்றையும் பார்க்கவில்லை. திரும்பக் கேட்கக் கூச்சம். சரி என்று தலையாட்டினேன்.

அவனை ஆடிக் காட்டச் சொல்லிப் பிரயோசனம் இல்லை. ரீவைண்ட் போட்டுப் போய்விட்டு, அன்றைக்கும் இப்படித்தான் போனேன் என்பான். நானே இறங்கிப் பார்க்க வேண்டும். அடியில் பச்சைப் பாவாடைக்காரி இல்லையென்றால், அவன் எட்டாவதைத் தாண்டியதே பொய். அதை மட்டும் ஒரு விசேஷத்தில், கடைசி நாற்காலியில் இருந்தபடியே, ஒரு தடவை சொல்லிவிட்டால் போதும். அதற்கப்புறம் நான் சாகும்வரை பேசாமலே இருந்துகொள்வேன்.

நான் லோடுமேன். செங்கல்பட்டு, கருங்குழி குடோன்களில் சிமெண்டும் டைல்ஸும் ஏற்றி, கடற்கரைப் பக்கம் கட்டுகிற வீடுகளுக்கும் விடுதிகளுக்கும் கொண்டுபோய் இறக்குகிற வேலை. எங்கள் வேலையில் பாதி தூக்குவது, பாதி காத்திருப்பது. குடோனில் வரிசை, விடுதி கேட்டில் வரிசை. மற்றவர்கள் தூங்குவார்கள். நான் கிணற்றில் இறங்கினேன்.

கடையில் கையில் பிடித்தது மிஷினிலிருந்து ஒயரில் வருகிற ஒரு கட்டை. பட்டனுக்கு விளிம்பு உண்டு, கண்ணை மூடிக்கொண்டே அமுக்கலாம். போனில் கண்ணாடிமேல் பட்டன் மாதிரி ஒரு படம்தான் இருக்கிறது. விரல் எங்கே நிற்கிறது என்று விரலுக்கே தெரியாது. அதோடு என் கட்டைவிரல்கள் சிமெண்டில் வெடித்துக் காய்த்துப் போனவை. ரேஷன் கடை மிஷினே அவற்றை ஒத்துக்கொள்வதில்லை. கண்ணாடியும் பாதி நேரம் ஒத்துக்கொள்ளவில்லை. நான் தாவச் சொன்னால் குட்டி மனிதன் நின்றபடியே கல் வாங்கிச் சாவான். தேங்காயெண்ணெய் போட்டு, பாதக்கல்லில் தேய்த்து, விரலை மெல்லிசாக்கிக்கொண்டேன். மனைவி பார்த்துவிட்டாள்.

"இன்னாத்துக்கு இப்ப வெரலுக்கு மேக்கப்பு?"

"வெடிப்பு."

"எத்தினி வருசமா கீது வெடிப்பு. அந்தப் போனையே பாத்துகினு கீற, அதான சொல்லு. எங்க அண்ணன் எதுக்குத்தான் போட்டுக் குடுத்துச்சோ."

ரீவைண்டை நான் தொடவில்லை. மூன்று உயிர் போனால் மேலிருந்து முதல் ஸ்டேஜ். கடையில் எப்படியோ அப்படி. சேவ் பண்ணவும் இல்லை. ஆட்டத்தை மூடாமல் அப்படியே வைத்துவிட்டால் அடுத்த காத்திருப்பு வரை அங்கேயே நின்றது. இப்படிச் சில மாதம் போன பிறகு, கடப்பாக்கத்தில் ஒரு வீட்டுக்குச் சிமெண்ட் இறக்கப் போன அன்று, எட்டாவது ஸ்டேஜுக்குள் வந்தேன். இரண்டு உயிர் மிச்சம். அப்போது போன் சிவப்பில் எச்சரித்தது. சார்ஜ் தீரப் போகிறது. அணைந்தால் எல்லாம் போச்சு.

சேவ் பண்ண வேண்டும் என்று எனக்குத் தெரியும். எந்த இடத்தில் என்றுதான் தெரியாது. என் போனில் எல்லாம் தமிழ். நம்பர் சேமிக்க 'சேமி' என்று வரும். இந்த ஆட்டத்தின் பட்டியல் மட்டும் இங்கிலீஷ். நான் இங்கிலீஷ் எழுத்துகளை ஒவ்வொன்றாக அறிவேன். வார்த்தையாகப் பார்த்தால் தெரிவது நாலைந்துதான். பட்டியலில் அப்படித் தெரிந்த வார்த்தை ஒன்று இருந்தது. குடோன் சுவரில், கேட் சீட்டில், தினமும் நான் கையெழுத்துப் போடுகிற தாளின் தலையில் இருக்கிற வார்த்தை. லோடு.

லோடு என்றால் ஏற்றுவது. கீழே கிடக்கிற சரக்கை வண்டிக்குள் வைத்துக் கட்டுவது. முப்பது வருடமாக அதுதான் என் சோறு. என் எட்டாவது ஸ்டேஜை ஏற்றி வைத்துக்கொள்ளத்தான் கேட்கிறது என்று நினைத்தேன். சந்தேகமே வரவில்லை. அழுத்தினேன்.

முதல் ஸ்டேஜ் வந்தது. மச்சான் படூரில் அவன் கையால் சேவ் பண்ணிக் கொடுத்திருந்த அதே படி. குட்டி மனிதன் விளக்கைப் பிடித்துக்கொண்டு கிணற்று வாயில் நின்றான். பிறகு போன் அணைந்தது.

திரும்ப எடுக்க ஏதாவது வழி உண்டா என்று அவனைத்தான் கேட்க வேண்டியிருந்தது. இரண்டு நாள் யோசித்துவிட்டுப் போன் பண்ணினேன். நான் முழுதாகச் சொல்லி முடிக்கும்வரை பொறுமையாகக் கேட்டான். அதிலேயே எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். முடித்ததும் அந்தப் பக்கம் நாலைந்து பேர் சேர்ந்து சிரிக்கிற சத்தம் கேட்டது. ஸ்பீக்கரில் போட்டிருக்கிறான்.

"மாப்ள, லோடுன்னா உள்ள ஏத்தறது இல்ல, வெளிய எடுக்கறது. லோடுமேன் கையில லோடு பட்டனக் குடுத்தா சும்மா இருப்பானா, ஏத்திட்டான்."

"திரும்ப வராதா?"

"வராது. உடு, ரீவைண்ட் ஆன் பண்ணிக் குடுக்கறேன். நீயெல்லாம் அதுலதான் போவ முடியும்."

அன்றிலிருந்து மனைவி வீட்டில் என் பேர் லோடு. சின்னப் பிள்ளைகள் 'லோடு மாமா' என்கிறார்கள். மனைவி சொன்னாள்: "எங்க அண்ணன் மனசுல ஒண்ணும் வெச்சிக்காது, தமாசுக்கு சொல்லும்." அவன் மனசில் ஏன் வைத்துக்கொள்ள வேண்டும்? வைத்துக்கொள்ளத்தான் நான் இருக்கிறேனே.

எங்கள் லாரி டிரைவர் என்னைவிடச் சின்னவன். பத்தாவது படித்தவன். ஒரு டீக்கடையில் பட்டியலை அவனிடம் காட்டினேன்.

"இதான் சேவ், அண்ணாத்த. மொத எழுத்து பாம்பு மாரி வளைஞ்சிகினு கீதே, அது. இத அமுக்காம லோடு பக்கமே போவாத."

அவன் சிரிக்கவில்லை. அதற்காகவே அன்றைக்கு அவனுக்கு இரண்டு வடை வாங்கிக் கொடுத்தேன். அதன் பிறகு கேட் திறந்து நான் எழுந்திருக்கும்போது மட்டும் பாம்பை அழுத்தினேன். செத்தால் பழையபடி மேலிருந்துதான். அந்தச் சட்டத்தை மாற்றவில்லை.

மாமல்லபுரத்தில் கடலோரம் ஒரு விடுதிக்கு டைல்ஸ் கொண்டுபோயிருந்தோம். பின்பக்க கேட்டில், விருந்தாளிகள் சாப்பிட்டு முடிக்கும்வரை சரக்கு வண்டி உள்ளே வரக் கூடாது என்று காவலாளி நிறுத்திவிட்டான். நல்ல வெயில். லாரி நிழலில், இறக்கிவைத்த ஒரு டைல்ஸ் பெட்டிமேல் உட்கார்ந்து ஆடினேன். எட்டாவது ஸ்டேஜ். ஒரே உயிர். கடைசிப் படிக்கட்டில் முதல் கல் போனது. இரண்டாவது கல் தலைக்கு மேல் தாவிப் போனது. திரை கறுத்தது. போன் போய்விட்டது என்றுதான் நினைத்தேன். மெதுவாக வெளிச்சம் வந்தது.

கிணற்றின் அடி. ஒரு பெண் நின்றாள். நான் கிட்டப் போனதும் கையை நீட்டினாள். அவள் பாவாடை வெள்ளை.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வாய்விட்டுச் சிரித்தேன். டிரைவர் சீட்டிலிருந்து எட்டிப் பார்த்தான். வெள்ளை. பச்சை இல்லை. எவனோ சொன்னதைக் காதில் வாங்கி, அழகுக்கு நிறம் சேர்த்துப் புளுகியிருக்கிறான். முப்பது வருடம் இதை வைத்து என்னை ஓட்டியிருக்கிறான். அடுத்த விசேஷத்தில் என்ன சொல்வது என்று வார்த்தைகளை அடுக்கத் தொடங்கினேன்.

அடுக்கிக்கொண்டிருக்கும்போதே அவள் பக்கத்தில் நின்ற குட்டி மனிதனைப் பார்த்தேன். அவன் சட்டையும் வெள்ளை, இத்தனை மாதம் பார்த்தும் எனக்கு உறைக்காத வெள்ளை. ஆனால் கடையில் அவன் சட்டை பச்சை. எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. ஏனென்றால் கிணறு ஆட்டம் ஓடியது மூலையில் இருந்த டிவியில் மட்டும்தான், அந்த டிவி ரிப்பேர். பாய் எவ்வளவு தட்டினாலும் அதில் வெள்ளை எல்லாம் பச்சையாகத்தான் தெரியும். பாயின் தொப்பியைக் காட்டி, "டிவி உள்ள போனா நீயும் பச்சைதான் பாய்" என்று நாங்கள் கேலி பண்ணுவோம். அந்த டிவியில் அவளைப் பார்த்தவன் பச்சை என்றுதான் சொல்ல முடியும். வெளியே எங்கேயோ கேள்விப்பட்டவனும், வேறு டிவியில் பார்த்தவனும் வெள்ளை என்றுதான் சொல்வார்கள்.

அவன் தாண்டியிருக்கிறான். வெள்ளிக்கிழமை மதியம், சாத்திய கதவுக்குள், மூன்று உயிரில். ஒயரை இழுத்ததும் நிஜம், தாண்டியதும் நிஜம். இரண்டில் ஒன்றையாவது பொய்யாக வைத்திருக்கலாம் அவன்.

கேட் திறந்தது. எழுந்து டைல்ஸ் இறக்கினேன். இரண்டு பெட்டி உடைந்தது. என் வேலையில் அப்படி உடைந்ததே இல்லை.

அதற்கப்புறம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மச்சான் எங்கள் வீட்டுக்கு வந்தான். மகளுக்கு நிச்சயம், நேரில் சொல்லிவிட்டுப் போக வந்தான். மனைவி நெத்திலிக் குழம்பு வைத்தாள். இரண்டு பேரும் எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிட்டோம்.

"இன்னா லோடு, எட்டாவது தாண்டினியா?"

"இல்ல மச்சான்."

இந்த இடத்தில் அவன் சிரிப்பான். சிரிக்கவில்லை.

"நா போன வாரம் போனேன். ரீவைண்ட் போட்டுத்தான். பையன் பக்கத்துல உக்காந்துகினு இருந்தான். கீழ பொம்பள நிக்கிது, கைய நீட்டுது, எல்லாம் நா சொன்ன மாரியே. ஆனா பாவாடை வெள்ள."

"வெள்ளன்னா இன்னா இப்ப?" என்றாள் மனைவி, குழம்பு ஊற்றிக்கொண்டே.

"பச்சன்னு சொல்லித்தானே எங்கூட்டுப் பசங்கள வளத்துகிறேன். பையன் உளுந்து உளுந்து சிரிக்கிறான். நீ பாக்கவே இல்லப்பா, எவனோ சொன்னத கலர் மாத்தி வுட்டுகினு கீறன்றான். வூட்ல அத்தினி பேரும் அதையே சொல்லி ஓட்றானுங்க. சம்பந்தி வூட்டாளுங்க எதிர்லயே சொல்றான்." சோற்றைப் பிசைவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தான். அவன் என்னை அப்படி நேராகப் பார்த்து எனக்கு ஞாபகமே இல்லை. "எனக்கே இப்ப டவுட்டு மாப்ள. நா பாத்தேனா, இல்ல சொல்லிச் சொல்லி பாத்த மாரி ஆயிடுச்சான்னு. அந்தக் கடையில தெனம் உக்காந்தவன் நீதான். நீயே சொல்லு. அதுல பச்சதானே?"

மூலை டிவியைப் பற்றி ஒரே ஒரு வாக்கியம் சொன்னால் போதும். அவனுக்காக அதைச் சொல்ல இந்த உலகத்தில் என்னைத் தவிர ஆள் இல்லை. பாயும் போய்ச் சேர்ந்துவிட்டார்.

"நான்தான் எட்டாவதுலயே செத்துட்டேனே மச்சான்" என்றேன். "எனக்கு எப்படித் தெரியும்?"

அவன் தலையைக் குனிந்துகொண்டான். மனைவி இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள். அவன் தட்டில் சோறு அப்படியே இருந்தது. நான் இன்னொரு கரண்டி குழம்பு கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன்.